ரோஜா சலூனில் ரெட்டைச் சடை

ஜூன் 12, புதன்

வக்கீலம்மா ரெஜினா போன்ல சொல்லிட்டாங்க: "சிங்காரம் அண்ணே, இன்னிலேர்ந்து ஸ்கூல்ல என்ன நடந்தாலும் தேதி போட்டு எழுதி வையுங்க. பின்னாடி ஞாபகத்துலேர்ந்து சொன்னா ஒருத்தரும் நம்ப மாட்டாங்க." நான் ஆறாம் வகுப்போட பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டவன். அந்த லீவு இன்னும் முடியலை. எழுத்துப் பிழை இருந்தா படிக்கிறவங்க பொறுத்துக்கணும். உரக்கடைக்காரர் கொடுத்த டைரி இது. ஷேவிங் சோப்பு வழிக்கக் காகிதம் கிழிச்சது போக மிச்சம் இருக்கிறதுல எழுதுறேன்.

நடந்தது இது. எங்க ஊர்ப் பள்ளிக்கூடத்துல வருஷாவருஷம் ஒரு வழக்கம். திறந்த வாரத்துல பி.டி. மாஸ்டர் தர்மலிங்கம் சார் பிரேயர்ல நின்னு முடி வளர்ந்த பசங்களைப் பொறுக்கி எடுப்பாரு. ஒரு சீட்டுல பேரெல்லாம் எழுதி, வரிசையா என் ரோஜா சலூனுக்கு அனுப்புவாரு. நான் மெஷின் போட்டு, ஒவ்வொரு பேருக்கு நேராவும் கையெழுத்துப் போட்டு அனுப்பணும். அந்தக் கையெழுத்து இல்லாம வகுப்புக்குள்ள விட மாட்டாங்க. பன்னிரண்டு வருஷமா நான்தான். பசங்க இதை 'அறுவடை'ன்னு சொல்லுவானுங்க. நானும், "அடுத்த மூட்டை யாரு, ஏறி உட்காரு"ன்னு கிண்டல் பண்ணுவேன்.

இன்னிக்குச் சீட்டுல ஏழு பேரு. ஆறு தலை முடிஞ்சது. ஏழாவதா பெஞ்சுல இருந்தது என் பிள்ளை.

பத்தாவது. கோடை லீவு முழுக்க வளர்த்த முடி, தோளைத் தொட்டுக்கிட்டு இருக்கு. போன தையிலேர்ந்து வீட்டுல பேரு தேன்மொழி. அதுக்கு முன்னாடி நாங்க வெச்ச பேரை இந்த நோட்டுல எழுதப் போறதில்லை. ஆம்பளைப் பிள்ளைன்னு நினைச்சு வளர்த்தோம். நான் பொண்ணுப்பான்னு பிள்ளை சொல்லுச்சு. நாலாம் வகுப்புலேர்ந்தே சொல்லிக்கிட்டுத்தான் இருந்துச்சாம். எனக்குக் காது கேட்டது போன தையிலதான். திருச்சியில ஒரு டாக்டரம்மாகிட்டக் கூட்டிட்டுப் போனோம். "பிள்ளைக்கு ஒரு நோயும் இல்லை. உங்க ரெண்டு பேருக்குத்தான் முகம் வெளுத்துக் கிடக்கு, வேணா ஒரு டானிக் எழுதித் தரேன்"னு சொன்னாங்க. அவங்க மூலமா வந்தவங்கதான் வக்கீலம்மா.

"அடுத்தது யாரு"ன்னு பழக்கத்துல கேட்டுட்டேன். பிள்ளை எழுந்து வந்துச்சு. நாற்காலியில உட்காரலை.

"அப்பா, நீங்க வெட்டினா நான் தடுக்க மாட்டேன். ஆனா அதுக்கப்புறம் பள்ளிக்கூடத்துக்குப் போக மாட்டேன். தேன்மொழியாப் போனாத்தான் போவேன்."

ஆறு பேருக்கு மட்டும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். மத்தியானமே பள்ளிக்கூடத்துலேர்ந்து ஆள் வந்து சொல்லிட்டுப் போச்சு. முடி வெட்டிட்டு, பேன்ட் சட்டையில வரட்டும். இல்லைன்னா டி.சி. வாங்கிக்கலாம்.

ஜூன் 13, வியாழன்

என் வீட்டுக்காரி பூங்கோதைக்கு ஜவுளிக்கடையில நைட்டி செக்‌ஷன்ல வேலை. மே மாசமே யூனிஃபார்ம் துணி எடுத்து, சுடிதாரும் மேல் கோட்டும் தைச்சு, பீரோவுல என் வேட்டிக்கு அடியில ஒளிச்சு வெச்சிருக்கா. எனக்குத் தெரியாது. பத்தொன்பது வருஷமா நான்தான் அவளை ஏமாத்திக்கிட்டு இருக்கேன்னு நினைச்சிருந்தேன்.

அதைப் போட்டுக்கிட்டுப் பிள்ளை கிளம்புச்சு. கேட்ல வாட்ச்மேன் நிறுத்திட்டாரு. திரும்பி வரும்னு பார்த்தா வரலை. பையைக் கீழ வெச்சுட்டு, கேட்டுக்கு வெளியவே நேரா நின்னுச்சு. உள்ள பிரேயர் நடந்தப்ப இங்கேயும் கைகட்டி நின்னுச்சு. முடிஞ்சதும் பையை மாட்டிக்கிட்டு நேரா கடைக்கு வந்து, வெயிட்டிங் பெஞ்சுல உட்கார்ந்து அறிவியல் புத்தகத்தைத் திறந்துச்சு.

"நாளைக்கு?"ன்னு கேட்டேன்.

"நாளைக்கும் ஸ்கூல் உண்டுல்லப்பா."

ஜூன் 14, வெள்ளி

அதே மாதிரி.

ஜூன் 18, செவ்வாய்

செவ்வாய்க்கிழமை சலூனுக்கு லீவு. எதிர்த்த டீக்கடையில நின்னு நானும் பார்த்தேன்.

ஒன்பது மணி வெயில். அந்தக் கேட்டு கம்பிக் கேட்டு, உள்ள நிக்கிற வரிசையெல்லாம் தெரியுது. இந்தப் பக்கம் பசங்க, அந்தப் பக்கம் பொண்ணுங்க. பொண்ணுங்க வரிசைக்கு நேரா, கேட்டுக்கு இந்தப் பக்கம், ஒரு ஆள். உள்ள "அட்டென்ஷன்" சொன்னா இங்க கால் சேருது. பைக்ல போன ஒருத்தன் ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போனான். அதை எழுதலை. அந்தப் பயலுக்கு மாசாமாசம் முடி வெட்டுறது நான்தான். வரட்டும்.

பிள்ளை திரும்பிக்கூடப் பார்க்கலை. டீ ஆறிப் போச்சு. டீக்கடைக்காரர் வேற டீ போட்டுக் கொடுத்தாரு, கேட்காமலே.

எனக்கு நாற்பத்தேழு வயசு. யாராவது முறைச்சா ஜோக் சொல்லி நழுவுறவன். இது யார் மாதிரி வந்துச்சுன்னு என் வீட்டுக்காரி பூவுகிட்டக் கேட்டேன். "உங்களை மாதிரி இல்லைங்க, கவலைப்படாதீங்க"ன்னா.

ஜூன் 20, வியாழன்

கடை இப்ப பாதி பள்ளிக்கூடம். முடி வெட்ட வர்றவங்க பேப்பரைத் தேடினா சமூக அறிவியல் புத்தகம் கையில சிக்குது. மர டிப்போ நாகப்பன் அண்ணன் முதல் உலகப் போருல பாதி படிச்சுட்டு, "மீதியை சனிக்கிழமை வந்து பார்த்துக்கிறேன்"னு போனாரு.

இன்னிக்குப் பிள்ளை கேட்டுச்சு, "அப்பா, உங்க கடையில எத்தனை சிங்காரம் இருக்காங்க?"

"ஒண்ணையே உங்கம்மாவால சமாளிக்க முடியலை."

என் தோளைப் பிடிச்சு நிறுத்திக் காட்டுச்சு. முன்னால பெரிய கண்ணாடி, பின்னால ஒரு கண்ணாடி. ரெண்டும் நேருக்கு நேரா. உள்ள நான், எனக்குப் பின்னால நான், அதுக்கும் பின்னால இத்துனூண்டா நான். "இதை எண்ண முடியாதுப்பா. முடிவே கிடையாது. கண்ணுதான் நின்னு போகும்."

இருபத்தெட்டு வருஷமா அந்த ரெண்டு கண்ணாடிக்கும் நடுவுலதான் நிக்கிறேன். ஒரு தரம்கூட உள்ள எட்டிப் பார்த்ததில்லை.

ஜூன் 24, திங்கள்

நாலரை மணிக்கு வாசல்ல ஒரு பொண்ணு. யூனிஃபார்ம், ரெட்டைச் சடை, கையில நாலு நோட்டு.

"அங்கிள், உள்ள வரலாமா?"

கடை திறந்த நாள்லேர்ந்து பொம்பளைங்க யாரும் இந்தப் படி ஏறினதில்லை. பூவுகூட சாப்பாட்டுத் தூக்கை வாசல்ல வெச்சுட்டுக் குரல் கொடுப்பா. நாற்காலியில இருந்த நாகப்பன் அண்ணன், சட்டையைக் கழட்டிப் போட்டுட்டு உட்கார்ந்திருந்தவரு, துணியைக் கழுத்து வரைக்கும் இழுத்துப் போர்த்திக்கிட்டாரு. முகத்துல சோப்பு, கண்ணு மட்டும் உருண்டுச்சு.

"வாம்மா. இங்க யாரும் கடிக்க மாட்டாங்க. இவருக்கு மேல்வரிசையில பல்லும் இல்லை."

பேரு ரெஹானா. அதே வகுப்பு. இத்தனை நாள் நடத்தின பாடமெல்லாம் கொண்டுவந்திருக்கு. பெஞ்சுல உட்கார்ந்து ரெண்டும் தலையைச் சேர்த்துக்கிட்டு எழுதினதுங்க. போகும்போது ரெஹானா, "நாளைக்கழிச்சு இன்னும் மூணு பேர் வருவோம் அங்கிள், பெஞ்சு போதாது"ன்னு சொல்லுச்சு. கேட்கலை, தகவல்தான்.

"உங்க வீட்டுல திட்ட மாட்டாங்களா?"

"அம்மாதான் மிக்சர் கொடுத்து விட்டாங்க."

ஜூன் 27, வியாழன்

இதை எப்படி எழுதறதுன்னு தெரியலை. நடந்தபடி எழுதறேன்.

நாலு பொண்ணுங்களும் வந்து, கணக்கு போட்டு முடிச்சு, பெரிய கண்ணாடிக்கு முன்னால என் நாற்காலியில தேன்மொழியை உட்கார வெச்சாங்க. ரெஹானா ஒரு பக்கம், இன்னொரு பொண்ணு ஒரு பக்கம். வகிடு எடுத்து ரெட்டைச் சடை பின்னினாங்க. முடி நாலு விரக்கடைதான் பின்னலுக்கு வருது. ரிப்பன் பெருசா, சடை சின்னதா.

"முயல் காது மாதிரி இருக்குடி."

"மூணு மாசம் போகட்டும், குதிரை வாலா வந்துரும்."

நான் வெளிய வந்துட்டேன். வெளிய கவுன்சிலர் ஒரு கன்னம் வழிச்சு ஒரு கன்னம் சோப்போட நிக்கிறாரு. அவருக்குப் பின்னால மூணு பேரு. யாரும் முணுமுணுக்கலை. "முடிஞ்சுதா சிங்காரம்"னு கேட்டாரு. "பாதி முடிஞ்சிருக்கு, உங்க மூஞ்சி மாதிரி"ன்னேன். சிரிச்சாரு.

முடியை எப்படிக் குறைக்கிறதுன்னு மட்டும்தான் நான் கத்துக்கிட்டது. மூணு பிரியைப் பிடிச்சு, ஒண்ணு மேல ஒண்ணு போட்டு, அந்தச் சின்ன விரலுங்க ஓடுன ஓட்டத்தைக் கண்ணாடி வழியா வாசல்லேர்ந்து பார்த்துக்கிட்டே நின்னேன். அவ கண்ணாடியைப் பார்த்தா. முகத்தை இப்படித் திருப்பி, அப்படித் திருப்பி. என் கடைக் கண்ணாடியில இத்தனை வருஷத்துல எத்தனையோ முகம் பார்த்தாச்சு. அப்படி ஒரு முகம் பார்த்ததில்லை.

ஜூலை 2, செவ்வாய்

மழை. குடை பிடிச்சுக்கிட்டு நின்னா. பதிமூணாவது நாள்.

ஜூலை 5, வெள்ளி

தர்மலிங்கம் சார் வந்தாரு. மாசத்துல ஒரு நாள் மத்தியானம் ரெண்டு மணிக்கு, ஆள் இல்லாத நேரம் பார்த்து வருவாரு. டை அடிக்கிறதுக்கு. ஊருக்கு அவரு கருமுடிக்காரரு. எனக்கும் என் பிரஷ்ஷுக்கும் மட்டும் உண்மை தெரியும்.

அவ உள்ளாற ஸ்டூல்ல உட்கார்ந்து படிச்சுக்கிட்டு இருந்தா. சாரைப் பார்த்ததும் எழுந்து, "குட் ஆஃப்டர்நூன் சார்"னு சொல்லிட்டு மறுபடி உட்கார்ந்துட்டா. அவரு நேரா வந்து நாற்காலியில உட்கார்ந்தாரு.

முதல்ல ஷேவிங். கத்தி கழுத்துல இருக்கும்போது யாரும் அதிகம் பேச மாட்டாங்க. அதனால நான் பேசினேன்.

"என்ன சார், இந்த வருஷம் அறுவடை ஏழு மூட்டையில ஒண்ணு குறைஞ்சு போச்சு."

"சிங்காரம், எனக்குப் பிள்ளை மேல விரோதம் இல்லை. ரிஜிஸ்டர்ல ஆண்னு இருக்கு. ஆணுக்கு என்ன ரூலோ அதைச் சொல்றேன்."

"உங்க சர்வீஸ் ரிஜிஸ்டர்ல வயசு என்னன்னு இருக்கு சார்?"

"அம்பத்தாறு."

"இந்தத் தலையை முப்பத்தாறு ஆக்கித்தான் மாசாமாசம் அனுப்பி வைக்கிறேன். யாராவது ஒருத்தர் கேட்டைச் சாத்தினாங்களா?"

டை அடிச்சு முடிச்சேன், எப்பவும்போல நல்லாத்தான் அடிச்சேன். எழுந்தவரு வாசல்ல நின்னு, குரலைத் தாழ்த்தி, "பேசறதுக்கு முன்னாடி யோசிச்சுக்க. போன வருஷச் சீட்டு ஆபீஸ் ஃபைல்லதான் இருக்கு"ன்னு சொல்லிட்டுப் போனாரு.

ஜூலை 8, திங்கள்

வெள்ளிக்கிழமை மாவட்டத்துலேர்ந்து கல்வி அதிகாரி பள்ளிக்கூடத்துக்கே வந்து விசாரிக்கிறாராம். அன்னிக்கு அவர் எழுதறதை வெச்சுத்தான் அவ உள்ள போறதும் வெளிய நிக்கிறதும். தள்ளிப் போனா, பரீட்சைக்குப் பேர் அனுப்புற தேதியும் போயிடும்.

வக்கீலம்மா கேட்டாங்க, "அண்ணே, ஸ்கூல் கையில நமக்கு எதிரா ஏதாவது இருக்கா? இப்பவே சொல்லிடுங்க."

"என் அழகு போட்டோதான் இருக்கும்"னேன். சிரிச்சுட்டு வெச்சுட்டாங்க.

ஜூலை 9, செவ்வாய்

லீவு. கத்தியெல்லாம் எடுத்துத் தீட்டினேன். தீட்டினதையே திரும்பத் தீட்டினேன்.

"வக்கீலம்மாகிட்டச் சொல்லிட்டீங்களா?"ன்னு பூவு கேட்டா.

"எதை?"

அவ அரிசி களையப் போயிட்டா.

ஜூலை 12, வெள்ளி

தலைமையாசிரியை கமலவேணி அம்மா ரூம். அதிகாரி நடுவுல. தர்மலிங்கம் சார் ஓரமா. இந்தப் பக்கம் வக்கீலம்மா, பூவு, தேன்மொழி, நான். ரெட்டைச் சடை போட்டு ரிப்பன் கட்டி வந்திருந்தா.

வக்கீலம்மா சட்டமெல்லாம் சொன்னாங்க. டாக்டரம்மா கடிதம் கொடுத்தாங்க. அதிகாரி படிச்சாரு. அப்ப கமலவேணி அம்மா ஃபைல்லேர்ந்து ஒரு சீட்டை எடுத்து வெச்சாங்க. போன வருஷம் ஜூன் மாசம். நாலாவது பேரு என் பிள்ளையோடது. நேரா என் கையெழுத்து.

"சார், போன வருஷம் இதே அப்பாதான் இதே பிள்ளைக்குத் தன் கையால வெட்டி, கையெழுத்துப் போட்டு அனுப்பியிருக்காரு. அன்னிக்குப் பையன், இன்னிக்குப் பொண்ணா? இது நடுவுல யாரோ ஏத்தி விட்டது. பிள்ளையோட எதிர்காலத்தை நினைச்சுத்தான் சொல்றேன்."

வக்கீலம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாங்க. அந்தப் பார்வையை மறக்க மாட்டேன்.

"உங்க கையெழுத்தா?"ன்னு அதிகாரி கேட்டாரு.

இந்த இடத்துல ஒரு ஜோக் சொல்லலாம்னு வாய் தானாத் திறந்துச்சு. ஒண்ணும் வரலை. அப்புறம் சொன்னதை அப்படியே எழுதறேன்.

"ஆமா சார். அன்னிக்குப் பிள்ளை வேண்டாம்னு சொல்லுச்சு. கடையில நாலு பேர் இருந்தாங்க, எனக்கு மானம் போற மாதிரி இருந்துச்சு. இடது கையால தலையை அமுக்கிப் பிடிச்சுக்கிட்டு நம்பர் டூ மெஷின் போட்டேன். கிண்டல் பண்ணிக்கிட்டே போட்டேன். நாலு பேரும் சிரிச்சாங்க. கண்ணாடியில பிள்ளை தன் தலையைப் பார்க்கலை, என்னைத்தான் பார்த்துச்சு. அன்னிலேர்ந்து பதினோரு நாள் பிள்ளைக்குச் சோறு இறங்கலை. ஆஸ்பத்திரியில சேர்த்தோம். பக்கத்துல கேட்டவங்ககிட்ட மஞ்சக்காமாலைன்னு சொன்னேன். இவங்ககிட்டயும் சொல்லலை." வக்கீலம்மாவைக் காட்டினேன். "எனக்கு யாரும் ஏத்தி விடலை சார். பிள்ளை ஆறு வருஷம் சொல்லியும் என் மண்டையில ஏறலைங்கிறதுதான் நிஜம்."

பூவு என் பக்கம் பார்க்கலை. முந்தானையை விரல்ல சுத்திக்கிட்டு இருந்தா. தேன்மொழியைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

அதிகாரி அவகிட்டக் கேட்டாரு, "நீ என்னம்மா சொல்றே? அப்பா மேல கோவமா?"

எழுந்து நின்னா.

"இருந்துச்சு சார். அப்பா அதுக்கப்புறம் யாரோட தலையையும் அமுக்கிப் பிடிக்கிறதில்லை. குட்டிப் பசங்க ஆடினாக்கூட மெஷினை நிறுத்திட்டு, அவங்களா நிமிர்ற வரைக்கும் காத்துக்கிட்டு இருப்பாரு. ஒரு மாசமா கடையில உட்கார்ந்து பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

எனக்கே தெரியாது. சத்தியமா எனக்குத் தெரியாது. என் கை என்ன பண்ணுதுன்னு நான் கவனிச்சதில்லை, அவ கவனிச்சிருக்கா.

கமலவேணி அம்மா அந்தச் சீட்டைத் தன் பக்கம் இழுத்துக்கிட்டாங்க. மடிச்சு ஃபைலுக்குள்ள வெச்சாங்க. அதிகாரி எழுதிக்கிட்டே இருந்தாரு. முடிவைத் தபால்ல அனுப்பறேன்னாரு.

வெளிய வந்ததும் வக்கீலம்மா, "அண்ணே, இதை மொதல்லயே சொல்லியிருந்தா உங்களுக்குக் கொஞ்சம் மரியாதையான வாக்கியம் எழுதிக் கொடுத்திருப்பேன்"னாங்க. அப்புறம், "தேவையில்லை"ன்னாங்க.

ஜூலை 16, செவ்வாய்

தபால் வரலை. அவ கேட்டுக்குப் போனா. நானும் போய்ப் பக்கத்துல நின்னேன். "நீங்க எதுக்குப்பா?" "எனக்கும் லீவுதானே." பிரேயர்ல கைகட்டி நின்னு முப்பத்தஞ்சு வருஷம் இருக்கும்.

ஜூலை 18, வியாழன்

தபால் வரலை. பைக்ல ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போன அந்தப் பயல் முடி வெட்ட வந்தான். ஒழுங்கா வெட்டி விட்டேன். எழுந்திருக்கும்போது, "தம்பி, கேட்டுப் பக்கம் போறப்ப வாயை மூடிக்கிட்டுப் போ, ஈ போகும்"னேன். காது ரெண்டும் சிவந்து போச்சு அவனுக்கு.

ஜூலை 22, திங்கள்

வந்துருச்சு. வக்கீலம்மா போன்ல படிச்சுக் காட்டினாங்க. நாளையிலேர்ந்து உள்ள விடணும். பெண்கள் யூனிஃபார்ம், பெண்கள் வரிசை, வருகைப் பதிவுல தேன்மொழி. இப்போதைக்கு டீச்சர்ங்க டாய்லெட் சாவி அவளுக்கும் உண்டு. பரீட்சை சர்ட்டிஃபிகேட்டுல பேர் மாத்துறது மேல போக வேண்டிய விஷயம், அதுக்கு இன்னும் நடக்கணும். "நடக்கலாம்"னு தேன்மொழி சொன்னா. இருபத்தாறு நாள் நின்னவளுக்கு நடக்கிறதா கஷ்டம்.

பூவு கடைப் படியேறி உள்ளயே வந்துட்டா. நாற்காலியில உட்கார்ந்து கண்ணாடியைப் பார்த்துக்கிட்டே அழுதா. "இங்க எல்லாருக்கும் மூஞ்சி நல்லாத் தெரியுது"ன்னா.

ஜூலை 23, செவ்வாய்

கேட்டைத் திறந்து விட்டாரு வாட்ச்மேன். பேசலை, வழி விட்டு ஒதுங்கி நின்னாரு. நானும் பூவும் வெளியவே நின்னோம்.

பொண்ணுங்க வரிசை உயரப்படி. எங்க பிள்ளை உயரம், அதனால கடைசி. ரெஹானா முன்னால ரெண்டாவது. அவ திரும்பிப் பார்த்துச் சிரிச்சா. தர்மலிங்கம் சார் வரிசையைப் பார்த்துக்கிட்டே வந்தாரு, கடைசியில ஒரு நொடி நின்னாரு, விசிலை வாயில வெச்சுக்கிட்டுப் போயிட்டாரு. இனிமே அறுவடையை எதிர்த்தெரு சலூனுக்கு அனுப்பப் போறாராம். அனுப்பட்டும்.

வரிசை வகுப்புக்குள்ள போச்சு. தேன்மொழி எங்களைத் திரும்பிப் பார்ப்பான்னு கம்பியைப் பிடிச்சுக்கிட்டே நின்னோம். பார்க்கலை. பக்கத்துப் பொண்ணுகிட்ட ஏதோ பேசிக்கிட்டே உள்ள போயிட்டா. பூவு சொன்னா, "பாருங்க, நம்மளை மறந்தே போச்சு." அவ்வளவு பெருமையா அவ எதையும் சொல்லிக் கேட்டதில்லை.

ஆகஸ்ட் 1, வியாழன்

வக்கீலம்மா இனிமே தினம் எழுத வேண்டாம்னுட்டாங்க. இதை மட்டும் எழுதிடறேன்.

மூணு மணி. நாகப்பன் அண்ணனுக்கு ஷேவிங். போன் அடிச்சுது, கை ஈரம், ஸ்பீக்கர்ல போட்டேன்.

"தேன்மொழி அப்பாங்களா? நான் அவ கிளாஸ் டீச்சர் பேசறேன்."

கத்தியைக் கீழ வெச்சுட்டேன். அண்ணன் கண்ணாடியில என்னையே பார்த்தாரு.

"சொல்லுங்க டீச்சர்."

"ஒண்ணுமில்லைங்க. உங்க பொண்ணு கிளாஸ்ல ஒரே பேச்சு, ஒரே சிரிப்பு. அந்த ரெஹானாவும் அவளும் பக்கத்துப் பக்கத்துல உட்கார்ந்தா பாடமே நடத்த முடியலை. இன்னிக்கு ரெண்டு பேரையும் வெளிய நிக்க வெச்சேன். பத்தாவதுங்கிற பயமே இல்லை. கொஞ்சம் கண்டிச்சு வையுங்க."

"டீச்சர், சிக்னல் சரியில்லை. மறுபடி ஒரு தடவை மொதல்லேர்ந்து சொல்லுங்க."

மறுபடி மொதல்லேர்ந்து சொன்னாங்க.

கண்டிக்கிறேன் டீச்சர்னு சொல்லி வெச்சேன். நாகப்பன் அண்ணன் சோப்பு காஞ்ச மூஞ்சியோட, "சிக்னல் நல்லாத்தானே இருந்துச்சு"ன்னாரு.

நல்லாத்தான் இருந்துச்சு.